மணிலாவில் தொலைந்துபோன ஒரு படம்

மணிலாவுக்கும் கோலாலம்பூருக்கும் கடிகாரத்தில் ஒரு நிமிடம்கூட வித்தியாசம் கிடையாது. நான்கு மணி நேரம் பறந்து இறங்கினாலும் முள்ளைத் திருப்ப வேண்டியதில்லை. சூரியன்தான் அங்கே ஒரு மணி நேரத்துக்கு மேல் முந்திக்கொள்கிறது. ஜூன் மாதத்தில் ஐந்தரை மணிக்கெல்லாம் விடுதி ஜன்னலில் பளீரென்று வெளிச்சம். பல வருடமாகக் காலை நிகழ்ச்சி செய்து பழகியவளுக்கு இது வசதி. நகரம் விழித்துக்கொண்டு சாலையை அடைப்பதற்குள் கிளம்பிவிடலாம்.

மூன்று நாள் விடுப்புதான். “மூன்று நாளில் போராகாய் கடற்கரைக்குப் போய் வந்திருக்கலாமே?” என்று நிலையத்தில் கேட்டார்கள். நான் போனது ஒரு படத்துக்காக. 1915-இல் எடுக்கப்பட்ட ஊமைப்படம். 1930-இல் அதே கதையை இன்னொருவர் மறுபடியும் ஊமைப்படமாகவே எடுத்தார். இரண்டில் ஒன்றைக்கூட இன்று பார்க்க முடியாது, சுருள்கள் மிஞ்சவில்லை. இல்லாத படத்தைத் தேடி விமானச் சீட்டு வாங்குவது கிறுக்குத்தனம் என்று நீங்கள் நினைத்தால் என் அம்மாவும் உங்கள் கட்சிதான். ஆனால் படம்தான் போயிற்றே தவிர, அது பிறந்த கதையின் ஊர் அங்கேயேதான் இருக்கிறது. ஆறு இருக்கிறது, கோட்டை இருக்கிறது, கதாபாத்திரங்களின் பெயரைச் சொல்லித் திட்டிக்கொள்ளும் மக்கள் இருக்கிறார்கள்.

இந்த ஆசை கல்லூரியில் விழுந்த விதை. ஊடகவியல் படித்தபோது உலகச் சினிமா வரலாறு என்று ஒரு பாடம். பாரிஸ், ஹாலிவுட், மாஸ்கோ எல்லாம் பக்கம் பக்கமாக வந்தன. பக்கத்து வீட்டுக்காரரான பிலிப்பைன்ஸ் ஒரே பத்தியில் முடிந்துபோனது. அந்தப் பத்தியில் ஒரு வரி மட்டும் மனதில் ஒட்டிக்கொண்டது. ஸ்பெயின் ஆட்சியை எதிர்த்து எழுதப்பட்ட நாவலை முதன்முதலில் படமாக எடுத்தவர் ஓர் அமெரிக்கர். அப்போது அந்த நாட்டை ஆண்டது அமெரிக்கா.

நாவலின் பெயர் ‘நோலி மே தாங்கேரே’. லத்தீன் மொழி, பைபிளில் வரும் தொடர். ‘என்னைத் தொடாதே’ என்று பொருள். எழுதியவர் ஹோசே ரிசால். கண் மருத்துவர். 1887-இல் பெர்லினில் அச்சிட்டபோது அவருக்கு வயது 25. கையில் காசில்லை. மாக்ஸிமோ வியோலா என்ற நண்பர் 300 பேசோ கொடுத்து உதவ, 2,000 பிரதிகள் அச்சாயின. தன் நாட்டைப் பிடித்திருக்கும் நோய், தொட்டாலே வலிக்கிற புற்றுநோய் போன்றது என்று முன்னுரையில் எழுதினார். அதைத் தொட்டுக் காட்டத்தான் கதை.

கதையைச் சுருக்கமாகச் சொல்லிவிடுகிறேன். ஐரோப்பாவில் ஏழு ஆண்டு படித்துவிட்டு ஊருக்குத் திரும்புகிறான் இபார்ரா. அப்பா சிறையிலேயே இறந்துவிட்டார் என்று தெரிகிறது. சரி, கல்லறையையாவது பார்க்கலாம் என்று போனால் அதுவும் இல்லை. பாதிரியார் டமாசோவின் உத்தரவில் உடலைத் தோண்டி எடுத்திருக்கிறார்கள். சீனர் இடுகாட்டுக்குக் கொண்டுபோகச் சொன்ன உடலை, மழையும் கனமும் தாங்காமல் வெட்டியான் ஏரியில் போட்டுவிட்டான். இத்தனைக்குப் பிறகும் இபார்ரா பழிவாங்கப் போகவில்லை, ஊருக்குப் பள்ளிக்கூடம் கட்டப் போகிறான். அதைக்கூடச் சும்மா விடுகிறார்களா? அவன் காதலி மரியா கிளாரா. அவளுடைய பிறப்பில் ஒரு ரகசியம். அவனைக் காப்பாற்ற வரும் படகோட்டி எலியாஸ். இவர்களுக்கு நடுவே சிசா என்ற ஏழைத் தாய். கோயிலில் மணி அடிக்கும் அவளுடைய இரண்டு சின்னப் பையன்கள் மீது திருட்டுப் பழி விழுகிறது. இளையவன் வீடு திரும்பவே இல்லை. பிள்ளைகளின் பெயரைக் கூவிக்கொண்டே சிசா பைத்தியமாகத் திரிகிறாள்.

இது ஸ்பானிஷ் மொழியில் எழுதப்பட்ட நாவல். யாருடைய துயரத்தை எழுதினாரோ அவர்களில் மிகச் சிலருக்குத்தான் அந்த மொழி வாசிக்க வரும். வாசித்தவர்கள் முதலில் பாதிரிகள்தான். புத்தகத்தைத் தடை செய்யச் சொன்னார்கள், வைத்திருந்தவர்களைத் துன்புறுத்தினார்கள். ரிசால் நாடு கடத்தப்பட்டார், கடைசியில் சிறைப்பட்டார்.

அந்தக் கடைசி வருடம், 1896-இல், அவர் சென்ற கப்பல்கள் போகும்போதும் வரும்போதும் சிங்கப்பூரில் நின்றன. போகும்போது உடன் பயணம் செய்த ஒருவர் சிங்கப்பூரிலேயே இறங்கித் தப்பிவிட்டார்; நீங்களும் இறங்கிவிடுங்கள் என்று சொன்னதை ரிசால் கேட்கவில்லை. திரும்பும்போது அவர் கைதி. நண்பர்கள் சிங்கப்பூர் நீதிமன்றத்தில் ஆட்கொணர்வு மனுப் போட்டுப் பார்த்தார்கள், பலிக்கவில்லை. சிங்கப்பூர் ஆற்றோரம் ஆசிய நாகரிக அரும்பொருளகத்துப் பக்கம் நடப்பவர்கள் அவருடைய நினைவுச் சின்னத்தைப் பார்த்திருப்பீர்கள். பார்த்தும் ‘யாரோ ஒருவர்’ என்று கடந்திருப்பீர்கள். நானும் அப்படிக் கடந்தவள்தான்.

முதல் நாள் இன்ட்ராமுரோஸ். ‘சுவர்களுக்குள்ளே’ என்று அர்த்தம். ஸ்பானியர்கள் கட்டிய பழைய மணிலா இதுதான். உள்ளே குதிரை வண்டி ஓட்டுகிறார்கள். நான் ஏறிய வண்டிக்காரருக்கு நாற்பது நாற்பத்தைந்து வயது இருக்கும். அங்கே ஆண்களை ‘குயா’ என்று கூப்பிட்டால் போதும். நம் ‘அண்ணே’தான்.

“குயா, நோலி படித்திருக்கிறீர்களா?”

“உயர்நிலைப் பள்ளியில் மூன்றாம் வருடம். எல்லாரும் படிக்கணும், சட்டம்” என்றார். பிறகு குதிரையை நிறுத்தாமலே, ஒரு கையை நெஞ்சில் வைத்துக்கொண்டு, பெண் குரலில் சிசாவைப் போலப் பிள்ளைகளின் பெயரைக் கூவிக் காட்டினார். “கிறிஸ்பின்! பசிலியோ!” நடைபாதையில் பழம் விற்ற அம்மாள் பதிலுக்குச் சிரித்தாள். அவளுக்கும் அது என்ன காட்சி என்று தெரிந்திருக்கிறது.

சட்டம் என்று அவர் சொன்னது உண்மை. 1956-இல் வந்த சட்டம். ரிசாலின் நாவல்களைக் கல்விக்கூடங்களில் கட்டாயம் கற்பிக்க வேண்டும். அதை எதிர்த்துத் திருச்சபை போட்ட சண்டை சாதாரணமானதல்ல. எழுதி ஏறத்தாழ எழுபது வருடம் ஆன புத்தகத்துக்கு அவ்வளவு எதிர்ப்பு! அதோடு முடிந்ததா என்றால் அதுவும் இல்லை. வண்டி மணிலா பேராலயத்தைக் கடந்தபோது குயா சவுக்கால் சுட்டிக் காட்டினார். 2010 செப்டம்பரில் கார்லோஸ் செல்ட்ரான் என்ற சுற்றுலா வழிகாட்டி, ரிசாலைப் போல் கறுப்புக் கோட்டும் வட்டத் தொப்பியும் அணிந்து அந்தப் பேராலயத்துக்குள் நுழைந்தார். குடும்பக் கட்டுப்பாட்டுச் சட்டத்தைத் திருச்சபை எதிர்த்துக்கொண்டிருந்த நேரம். ஆயர்கள் கூடியிருந்த வழிபாட்டில், பீடத்தின் முன்னே நின்று ஓர் அட்டையைத் தூக்கிப் பிடித்தார். அட்டையில் ஒரே ஒரு சொல்: டமாசோ.

பிறகு சத்தமும் போட்டார், கைது செய்தார்கள். மத உணர்வைப் புண்படுத்தியதாக வழக்கு. மேல்முறையீடுகள் எல்லாம் தோற்றன. செல்ட்ரான் ஸ்பெயினுக்குப் போய், 2019-இல் மட்ரிட் நகரில் காலமானார். எனக்கு அந்த அட்டைதான் கண்ணில் நிற்கிறது. ஊமைப்படத்தில் நடுநடுவே எழுத்து அட்டை வருமே, அப்படி. ஒரு சொல்லைக் காட்டியதும் ஒரு நாடே முழுக் கதையையும் புரிந்துகொண்டது.

சான்டியாகோ கோட்டையில் ரிசால் கடைசியாக இருந்த அறையிலிருந்து வெளியே வரை தரையில் வெண்கலக் காலடிகள் பதித்திருக்கிறார்கள். 1896 டிசம்பர் 30 அதிகாலை அவர் நடந்த வழி. எல்லாச் சுற்றுலாப் பயணிகளும் அந்தச் சுவடுகளின் மேல் காலை வைத்துப் பார்க்கிறார்கள். ரிசால் உயரம் குறைந்தவர். எட்டு சின்ன எட்டுதான், நாம் அவசரமாக நடந்தால் தாண்டிப்போய்விடுவோம். நான் மெதுவாகவே நடந்தேன். காலடிகள் போகும் திசையில் போனால் முன்பு பகும்பாயன் என்று சொல்லப்பட்ட மைதானம், இன்றைய ரிசால் பூங்கா. அங்கே காலை 7 மணி 3 நிமிடத்துக்கு அவரைச் சுட்டார்கள். சுட்டவர்கள் ஸ்பெயின் படையில் இருந்த உள்ளூர்ச் சிப்பாய்கள். அவர்கள் சுட மறுத்தால் அவர்களைச் சுடுவதற்கு, பின்னால் ஸ்பானியச் சிப்பாய்கள் துப்பாக்கியோடு நின்றார்கள். அந்தக் காட்சியை ஆள் உயர வெண்கலச் சிலைகளாக அதே மைதானத்தில் வைத்திருக்கிறார்கள். நீட்டிய துப்பாக்கிகள், திரும்பிச் சரியும் உடல். ஓடிக்கொண்டிருந்த படத்தை யாரோ நிறுத்திவிட்ட மாதிரி இருக்கிறது.

இந்த இடத்தில் தேதியைக் கவனியுங்கள். ரிசால் கொல்லப்பட்டது டிசம்பர் 30. அடுத்த மாதமே, 1897 ஜனவரியில், அங்கிருந்து ஆற்றைத் தாண்டி எஸ்கோல்ட்டா தெருவில் ஒரு கூடத்தில் மணிலாவின் முதல் சினிமாக் காட்சி நடந்தது. பிரெஞ்சுத் துண்டுப் படங்கள். இங்கே ரத்தம் உலர்வதற்குள் அங்கே திரை கட்டிவிட்டார்கள்.

அடுத்த ஆண்டே ஸ்பெயின் போய், அமெரிக்கா வந்தது. சுதந்திரம் என்று நம்பியவர்கள் புதிய எஜமானுடன் போர் செய்து தோற்றார்கள். இனி நான் தேடி வந்த விஷயம்.

1912 ஆகஸ்டில் மணிலாவில் ரிசாலைப் பற்றி ஒரே நேரத்தில் இரண்டு படங்கள் வந்தன. இரண்டையும் எடுத்தவர்கள் அமெரிக்கர்கள். எட்வர்ட் கிராஸ் என்பவர் ரிசாலின் வாழ்க்கையை விரிவாக எடுத்தார். அவர் மனைவி டிடாய் மொலினா, தகாலோக் மொழி நாடக மேடையில் பேர்பெற்ற நடிகை. நடிகர்களும் மேடையிலிருந்தே வந்தார்கள். திரையரங்கு நடத்திவந்த ஆல்பர்ட் யர்ஸ்லி இதைக் கேள்விப்பட்டு, ரிசால் சுடப்பட்ட காட்சியை மட்டும் அவசர அவசரமாகப் படம் பிடித்து, கிராஸை முந்திக்கொண்டு திரையிட்டுவிட்டார். தீபாவளிக்கு இரண்டு நாயகர்களின் படம் மோதுவது போலத்தான். தியாகியின் ரத்தத்தை வைத்து வசூல் போட்டி. முகம் சுளிக்கலாம், ஆனால் அந்தப் போட்டியில்தான் பிலிப்பைன்ஸ் சினிமா பிறந்தது.

கிராஸின் படத்தில் ரிசாலாக நடித்தவர் ஹொனோரியோ லோபெஸ். இந்த ஆசாமி ஒரு பஞ்சாங்கம் போட்டுக்கொண்டிருந்தார். நல்ல நாள், மழை, அலையேற்றம் எல்லாம் சொல்லும் தகாலோக் நாள்காட்டி, பெயர் ‘டிமாசாலாங்’. ‘தொடக்கூடாதது’ என்று அர்த்தம். அதாவது ‘நோலி மே தாங்கேரே’யின் தகாலோக் வடிவம். ரிசாலே புனைபெயராக வைத்துக்கொண்ட சொல். நூறு வருடம் தாண்டியும் அந்தப் பஞ்சாங்கம் விற்கிறது. கியாப்போ தேவாலயத்துப் பக்கம் நடைபாதைக் கடையில் ஒன்று வாங்கினேன். மெல்லிய தாள், அட்டையில் பெரியவரின் படம். நம் பாம்புப் பஞ்சாங்கத்துக்கு ஒன்றுவிட்ட தம்பி மாதிரி இருந்தது. படம் அழிந்துவிட்டது, படத்தின் கதாநாயகன் போட்ட பஞ்சாங்கம் என் கைப்பையில் கிடக்கிறது.

1915-இல் கிராஸ் ‘நோலி’யை எடுத்தார். மறுவருடம் ரிசாலின் இரண்டாவது நாவலான ‘எல் ஃபிலிபுஸ்தெரிஸ்மோ’வையும் எடுத்தார். கொஞ்சம் யோசித்துப் பாருங்கள். அந்த வருடம் மணிலாவில் ஒருவர் தன் நாட்டுக் கொடியை வீட்டு வாசலில் கட்டினால் குற்றம். 1907-இல் போட்ட தடை 1919 வரை இருந்தது. அமெரிக்க ஆட்சியைக் குத்திக்காட்டி 1903-இல் நாடகம் போட்ட அவுரேலியோ டோலன்டினோ சிறைக்குப் போனார். போர் முடிந்த பிறகும் காட்டில் இருந்து போராடிய மகாரியோ சகாய், ஒரு காலத்தில் நாடக மேடையில் நடித்தவர், 1907-இல் கொள்ளைக்காரன் என்று முத்திரை குத்தப்பட்டுத் தூக்கிலிடப்பட்டார். ஆனால் ரிசாலைப் பற்றி மட்டும் எவ்வளவு வேண்டுமானாலும் பேசலாம், சிலை வைக்கலாம், படம் எடுக்கலாம். ரூபாய் நோட்டில் போடுவது போல் பேசோ நோட்டில் அவர் முகத்தை அச்சிட்டது அமெரிக்க அரசு. 1901-இல் மணிலாவை அடுத்த ஒரு மாநிலத்துக்கே அவர் பெயரை வைத்தது. (அந்த ரிசால் மாநிலத்தில் காயின்டா என்று ஓர் ஊர். 1762-இல் மதராஸிலிருந்து கிளம்பிய ஆங்கிலேயக் கடற்படை மணிலாவைப் பிடித்தபோது கூட வந்த நம் பக்கத்துச் சிப்பாய்களில் சிலர், திரும்பிப் போகாமல் தங்கிவிட்ட ஊர் அது. அதைத் தனியாக ஒரு நாள் எழுத வேண்டும்.)

ஏன் இந்தத் தாராளம்? ரிசால் திட்டியது ஸ்பானியனை. துப்பாக்கி தூக்கச் சொல்லாமல் பள்ளிக்கூடம் கட்டச் சொன்னவர் என்று அவரைக் காட்டவும் முடியும். பழைய எஜமானின் கொடுமையைத் திரையில் பார்த்து மக்கள் கொதித்தால், புதிய எஜமானுக்கு அதில் நஷ்டம் என்ன? கொட்டகையில் பாதிரியைப் பார்த்துக் கூச்சல் போட்டுவிட்டு, வெளியே வந்து நட்சத்திரமும் கோடும் போட்ட கொடிக்குக் கீழே வீட்டுக்கு நடக்கலாம். கிராஸ் அரசாங்கத்தின் ஆள் என்று நான் சொல்லவில்லை. மனைவியின் மேடையிலிருந்து கதைகளைக் கண்டுபிடித்து, ஓடும் என்று நம்பி எடுத்த வியாபாரி அவர். அவரை யாரும் தடுக்கவில்லை என்பதைத்தான் சொல்கிறேன்.

ஆனால் படம் பார்ப்பவர்களை அவ்வளவு சுலபமாக நம்பிவிடக் கூடாது, அவர்கள் தங்கள் இஷ்டத்துக்குப் பார்ப்பவர்கள். திரையில் சிவில் காவலன் ஒரு தாயை இழுத்துக்கொண்டு போகிறான். அவன் சட்டையின் நிறம் கறுப்பு வெள்ளைப் படத்தில் தெரியாது. பின் வரிசையில் உட்கார்ந்திருந்தவர் எந்தக் காவலனை நினைத்துக்கொண்டார் என்பதை எந்தத் தணிக்கை அதிகாரி கண்டுபிடிப்பான்? நாவலை வாசிக்கத் தெரியாத ஆயிரம் பேர் ஒரே இருட்டில் அந்தக் கதையைப் பார்க்க முடிந்தது. எழுத்து செய்ய முடியாத வேலை அது.

இரண்டாம் நாள் எஸ்கோல்ட்டா. ஒரு காலத்தில் நகரத்தின் முதல் கடைவீதி. இப்போது பழைய கட்டடங்களின் நெற்றியில் மட்டும் பகட்டு மிச்சம் இருக்கிறது. தரைத்தளத்தில் காப்பிக் கடை, மேலே தூசி. அதன் ஒரு முனையில் சான்டா குரூஸ் சதுக்கம். நீரூற்று, பழைய தேவாலயம், ஜீப்னிகளின் இரைச்சல். இந்தச் சதுக்கத்தில் ஒரு திரையரங்கு இருந்தது, அதன் பெயர் ‘ரேடியோ’. சத்தியமாக! 1929-இல் மணிலாவின் முதல் பேசும்படம், ‘சின்கொபேஷன்’ என்ற அமெரிக்கப் படம், அங்கேதான் ஓடியது. அரங்கு நின்ற இடத்தைத் தேடி அரை மணி நேரம் சுற்றினேன். ஒரு வங்கி, ஒரு மருந்துக் கடை, கைப்பேசி உறை விற்கும் பெட்டிக்கடை. யாருக்கும் தெரியவில்லை.

முதல் பேசும்படம் வந்த மறுவருடம்தான் ஹோசே நெபோமுசேனோ ‘நோலி’யை மறுபடி எடுத்தார். இவர் மண்ணின் மைந்தர். பிலிப்பைன்ஸ் சினிமாவின் தந்தை என்று அழைக்கப்படுபவர். புகைப்பட நிலையம் வைத்திருந்து, அமெரிக்கர்களிடமிருந்து கருவிகளை வாங்கி, 1917-இல் தம்பியோடு ‘மலாயன் மூவீஸ்’ என்ற நிறுவனத்தைத் தொடங்கினார். பெயரைப் பார்த்தீர்களா, மலாயன்! 1919-இல் அவர் எடுத்த ‘டலாகாங் புகிட்’ (கிராமத்துப் பெண்) உள்ளூர்க்காரர் இயக்கிய முதல் முழுநீளப் படம். அதன் கதாநாயகி அடாங் டி லா ராமா, படம் ஓடும்போது திரைக்குப் பக்கத்தில் நேரில் வந்து நின்று, தன் பிம்பத்தின் உதட்டசைவுக்குத் தானே பாடினாராம். ஊமைப்படத்துக்கு நேரலை! என்னைப் போல மைக் பிடித்துப் பிழைப்பவர்களுக்கு அவர்தான் குலதெய்வம்.

நெபோமுசேனோவின் ‘நோலி’ 1930. ஊர் முழுக்கப் பேசும்படத்துக்கு அலைபாயத் தொடங்கிய நேரத்தில் வந்த ஊமைப்படம். தகாலோக் மொழியில் முழுமையாகப் பேசும் படத்தை இதே மனிதர் 1933-இல்தான் எடுத்தார். மூன்று வருடம் பொறுத்திருந்தால் சிசா பேசியிருப்பாள் என்று தோன்றும். எனக்கோ பேசாமல் போனதே சரி என்று படுகிறது. பிள்ளையைத் தேடுகிறவள் வாய் திறந்து கத்துகிறாள், ஒலி இல்லை, இரண்டு பெயர்கள் மட்டும் எழுத்தில் வருகின்றன. கொட்டகையில் அந்த இரண்டு பெயரையும் யாராவது உரக்க வாசித்திருப்பார்கள். பக்கத்தில் இருக்கும் எழுதப் படிக்கத் தெரியாத அம்மாவுக்காக. ஒருவர் வாசித்தால் பத்துப் பேர் வாசிப்பார்கள். அந்தக் கூட்டத்துச் சத்தத்தைத்தான் குதிரை வண்டிக்காரரிடம் நான் கேட்டதாக நினைத்துக்கொள்கிறேன். இதற்கு ஆதாரம் கேட்காதீர்கள்.

அந்த 1930-இலேதான் ரிசாலின் அண்ணன் பாசியானோ இறந்தார். தம்பியின் படிப்புக்குப் பணம் அனுப்பியவர். பிறகு புரட்சிப் படையில் தளபதியாக இருந்தவர். தம்பியின் கதை எழுத்தாகி, தடையாகி, மரணமாகி, சிலையாகி, சினிமாவுமான காலம் முழுவதையும் பார்த்துவிட்டுப் போனவர்.

சரி, படங்கள் எங்கே போயின? அந்தக் காலத்துச் சுருள் நைட்ரேட். நெருப்பைக் கண்டால் வெடி மருந்து மாதிரி பற்றும். பற்றாவிட்டாலும் அந்தச் சூட்டிலும் ஈரத்திலும் தானே கரைந்து பிசினாகும். போதாக்குறைக்கு 1945 பிப்ரவரி. ஜப்பானியரை விரட்ட அமெரிக்கர் வந்த ஒரு மாதப் போரில் ஏறக்குறைய ஒரு லட்சம் பொதுமக்கள் மாண்டார்கள். இன்ட்ராமுரோஸ் தரைமட்டம், சான் அகுஸ்டின் தேவாலயம் ஒன்றுதான் நின்றது. மரியா கிளாரா கதையின் முடிவில் போய் அடைபட்ட சான்டா கிளாரா கன்னிமடமும் போயிற்று. (மடம் இப்போது கேசோன் நகரில் இருக்கிறது. கல்யாண நாளில் மழை வரக்கூடாது என்று வேண்டிக்கொண்டு ஜனங்கள் அங்கே முட்டை காணிக்கை கொடுக்கிறார்கள்.) போருக்கு முந்தைய பிலிப்பைன்ஸ் படங்களில் இன்று மிஞ்சியவை விரல் விட்டு எண்ணக்கூடியவை. நெருப்புக்கும் குண்டுக்கும் தப்பிய பழைய சுருள்களையும் துண்டு துண்டாக வெட்டிப் புத்தாண்டு ஊதுகுழல் செய்து விற்றார்கள் என்ற கதையை மணிலாவில் சினிமா பேசுகிற எவரிடமும் கேட்கலாம். ‘டொரொடொட்’ என்று அதற்குப் பெயர். ஊமைப்படத்துக்குக் கடைசியில் கிடைத்த குரல் அது.

சிரிக்க முடியவில்லை. நான் முதலில் வேலைக்குச் சேர்ந்த ஒரு வானொலியில் (பெயர் வேண்டாம்) ஐம்பது அறுபது நாடகங்கள் எழுதி நடித்த மூத்த கலைஞர் ஒருவர் மறைந்தபோது, அஞ்சலி நிகழ்ச்சிக்கு அவர் குரல் வேண்டும் என்று தேடினோம். ஒரு நாடகம்கூட இல்லை. “நாடா விலை அப்போ அதிகம் தங்கச்சி, அழிச்சிட்டு மேலேயே பதிவு பண்ணுவோம்” என்றார் பழைய ஒலிப்பதிவாளர் அண்ணன். கடைசியில் அவருடைய மகள் வீட்டுக் கல்யாண காசெட்டில் வாழ்த்துச் சொன்ன நாற்பது விநாடிதான் கிடைத்தது. அதைத்தான் ஒலிபரப்பினோம். கிராஸ் மணிலாவில் ‘நோலி’ எடுத்த ஏறக்குறைய அதே ஆண்டுகளில் சென்னையில் நடராஜ முதலியார் எடுத்த ‘கீசகவதம்’ இல்லை. சிங்கப்பூரில் பி. எஸ். ராஜான்ஸ் எடுத்த முதல் மலாய்ப் படம் ‘லைலா மஜ்னூன்’ இல்லை. அவர்கள் தொலைத்துவிட்டார்கள் என்று மணிலாக்காரர்களைப் பார்த்துச் சொல்ல நமக்கு வாய் இல்லை.

இப்போது நீங்கள் பார்க்கக்கூடிய ‘நோலி’ 1961-இல் ஜெரார்டோ டி லியோன் எடுத்தது, ரிசாலின் நூற்றாண்டுக்காக. அதுவும் சிதைந்து கிடந்ததை ஜெர்மனியில்தான் சீரமைத்தார்கள். புத்தகம் அச்சானதும் அங்கே, படம் பிழைத்ததும் அங்கே. கறுப்பு வெள்ளையில் மூன்று மணி நேரம். நேரம் ஒதுக்கிப் பாருங்கள். ஒரு பத்து நிமிடமாவது ஒலியை முழுக்கக் குறைத்துவிட்டுப் பாருங்கள்.

மூன்றாம் நாள் விமானம் இரவில்தான். காலையில் எஸ்கோல்ட்டா படகுத் துறைக்குப் போனேன். பாசிக் ஆற்றில் அரசாங்கப் படகு ஓடுகிறது, கட்டணம் இல்லை. பெயரை எழுதிக் கொடுத்துவிட்டு ஏற வேண்டியதுதான். நாவலில் இபார்ரா தப்பிக்கும் வழி இதுதான். பினோண்டோவில் மரியா கிளாராவிடம் விடைபெற்று எலியாஸின் தோணியில் இறங்குகிறான். எலியாஸ் அவனைப் படுக்கவைத்து மேலே புல்லைப் போட்டு மூடி, காவல் சாவடிகளைத் தாண்டி, ஆற்றை எதிர்த்து ஏரியை நோக்கித் துழாவுகிறான். 1915-இலும் 1930-இலும் இந்தக் காட்சியை விட்டிருக்கவே மாட்டார்கள். ஆறு, தோணி, துரத்தல்: ஊமைப்படத்துக்கு இதைவிட என்ன வேண்டும்?

படகில் என்னோடு பள்ளிச் சீருடையில் மூன்று பிள்ளைகள், சந்தைக் கூடையோடு ஒரு பாட்டி, தூங்கிக்கொண்டே வந்த ஒரு காவலாளி. ஆகாயத்தாமரை கும்பல் கும்பலாக எதிரே மிதந்து வந்தது. மலாகன்யாங் அரண்மனை நெருங்கியதும் படகுக்காரர் எழுந்து, “கைப்பேசியை உள்ளே வையுங்கள், படம் எடுக்கக் கூடாது” என்றார். ஸ்பானிய ஆளுநர் இருந்த அரண்மனை, பிறகு அமெரிக்க ஆளுநர், இப்போது அதிபர். நான் கைப்பேசியைப் பைக்குள், பஞ்சாங்கத்துக்கு அடியில் வைத்தேன். பிள்ளைகளில் ஒருத்தி இருக்கையில் சரிந்து, பள்ளிப் பையை முகத்துக்கு மேல் போட்டுக்கொண்டு படுத்துவிட்டாள். மற்ற இரண்டு பேரும் வாயைப் பொத்திக்கொண்டு சிரித்தார்கள். வெயிலுக்காகப் படுத்தாளா, விளையாடினாளா, நான் கேட்கவில்லை. அரண்மனை தாண்டியதும் எழுந்து உட்கார்ந்துகொண்டாள். படகு மந்தாலுயோங் பக்கம் வளைந்தது.